வடக்குக் கடைசி அறை: ஒரு சஸ்பென்ஸ் எடிட்டரின் கணக்கு வழக்கு

சில வருடங்களுக்கு முன்னால் செட்டிநாட்டில் இருக்கும் எங்கள் பங்கு வீட்டை, அதாவது பங்காளிகள் எல்லோருக்கும் பொதுவான வீட்டை, ஒரு சஸ்பென்ஸ் படத்துக்குப் பன்னிரண்டு நாள் வாடகைக்கு விட்டோம். காரைக்குடியிலிருந்து பஸ்ஸில் அரை மணி நேரத்தில் வந்துவிடலாம், அவ்வளவுதான் தூரம். வந்த கூட்டத்தில் ஒரு பையன் மட்டும் கேமரா இருந்த பக்கமே போகவில்லை. இரண்டாம் கட்டு என்று நாங்கள் சொல்லும் வீட்டின் உள்பகுதியில், முன்பு நெல் மூட்டை அடுக்கிய அறையில் ஒரு மேஜை, லேப்டாப், மானிட்டர், ஒரு ஸ்டாண்ட் ஃபேன். அதோடு உட்கார்ந்துவிட்டான். ஸ்பாட் எடிட்டராம். அன்றன்றைக்கு எடுத்த ஷாட்டுகளை அங்கேயே ஒட்டிப் பார்த்து, ஏதாவது விட்டுப்போயிருந்தால் செட்டைக் கலைப்பதற்குள் சொல்லிவிட வேண்டும். அதுதான் வேலை.

மூன்றாம் நாள் மத்தியானம் அவன் வளவுத் (நடு முற்றத்துத்) தாழ்வாரத்தில் குனிந்து தரையை எண்ணிக்கொண்டிருந்தான். "என்ன தம்பி தேடுறீங்க?" என்றேன்.

"வெயிலைத் தேடுறேண்ணே" என்றான்.

கதாநாயகியின் முகத்தைக் காலையில் எடுத்திருக்கிறார்கள். அவளுக்கு எதிரே நின்று பேசுபவரை எடுத்தது சாப்பாட்டுக்கு அப்புறம். கதைப்படி இரண்டும் ஒரே நிமிடம். ஆனால் வானம் பார்த்த வளவுக்குள் வெயில் சும்மா இருக்குமா? காலையில் தூணடியில் கிடந்த வெளிச்சம், பிற்பகல் ஷாட்டில் தரையில் பதித்த ஆத்தங்குடிக் கல்லில் மூன்று கல் தள்ளிப் போய்விட்டது. "பாக்குறவங்களுக்கு இது கண்ணுல படாதுண்ணே. ஆனா என்னமோ சரியில்லன்னு தோணும். சஸ்பென்ஸ் படத்துல அந்த 'என்னமோ சரியில்ல'ய நாமதான் குடுக்கணும். வெயில் குடுக்கக் கூடாது."

அன்று ராத்திரி அவன் மானிட்டருக்குப் பக்கத்தில் ஒரு நாற்காலி போட்டு உட்கார்ந்தேன். மீதி நாளெல்லாம் அங்கேதான். எடிட்டிங் என்றால் பிடிக்காததை வெட்டித் தூரப் போடுவது என்றுதான் அதுவரை நினைத்திருந்தேன்.

பேய், கொலை, புதையல் என்றால் சினிமாக்காரர்கள் ஏன் எங்கள் ஊர்ப் பக்கம் வருகிறார்கள் என்பதும் அங்கே உட்கார்ந்த பிறகுதான் விளங்கியது. வெளியூரிலிருந்து வருகிறவர்கள் பர்மாத் தேக்குத் தூணையும், முட்டை வெள்ளைக்கரு சேர்த்து இழைத்த சுவரையும் பார்த்து வாய் பிளப்பார்கள். அதெல்லாம் கேமராமேனுக்கு ஆச்சு. எடிட்டருக்குப் பிடிப்பது வாசல்கள். முகப்பில் நின்று பார்த்தால் வளவு, இரண்டாம் கட்டு, மூன்றாம் கட்டு, அடுப்படி தாண்டிப் பின்வாசல் வரைக்கும் வாசல் நிலைகள் ஒரே கோட்டில் நிற்கும். ஒரு தெருவில் தொடங்கி அடுத்த தெருவில் முடிகிற வீடு. பின்வாசலில் நடக்கிற ஆள் முன்வாசலில் இருப்பவருக்கு விரல் உயரத்தில் தெரிவார். நடந்து வர வர, திறந்த வளவில் வெளிச்சம், கூரை போட்ட இடத்தில் இருட்டு, மறுபடி வெளிச்சம். இருட்டுக்குள் போய் மறைகிற ஒவ்வொரு தடவையும் எடிட்டருக்கு ஒரு வாய்ப்பு. உள்ளே போனவரும் வெளியே வருகிறவரும் ஒரே ஆளாக இருக்க வேண்டும் என்று கட்டாயம் இல்லை அல்லவா?

அப்புறம் பூட்டிய அறைகள். வளவைச் சுற்றி வரிசையாக அறைகள், ஒவ்வொன்றும் ஒரு பங்காளிக்கு. கல்யாணம், முன்னோர்களுக்குப் படைக்கும் படைப்பு என்றால் திறப்பார்கள். மற்ற நாளில் பூட்டுதான். இயக்குநருக்கு வடக்கு வரிசையில் கடைசி அறைதான் வேண்டும் என்று ஒரே பிடிவாதம். அதன் சாவி மலேசியாவில் ஈப்போவில் இருக்கும் சித்தப்பாவிடம் இருந்தது. நாலு முறை போன் போட்டு, ஊருக்கு வந்த ஒருவர் கையில் சாவியைக் கொடுத்தனுப்பினார். அறைக்குள் ஒரு நாள் முழுக்க ஷூட்டிங் நடந்தது. தூசி தட்டவே அரை நாள்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். சஸ்பென்ஸ் படத்தை எடிட் செய்பவரின் வேலை, என் கணிப்பில், கணக்கப்பிள்ளை வேலை. யாருக்கு என்ன தெரியும், எப்போதிலிருந்து தெரியும் என்று பேரேடு எழுதுவது. மூன்று பற்றுவரவு ஓடிக்கொண்டிருக்கும். கதைக்குள் இருக்கும் ஆளுக்குத் தெரிந்தது ஒன்று. தியேட்டரில் உட்கார்ந்திருக்கும் ஆளுக்குத் தெரிந்தது ஒன்று. கொலைகாரனுக்கு மட்டும் தெரிந்தது மூன்றாவது. படம் முடியும்போது மூன்றும் ஐந்தொகை என்னும் இறுதிக் கணக்கில் நேராக வேண்டும். ஒரு ரூபாய் உதைத்தாலும் பார்த்தவன் வெளியே வந்து பைக்கை எடுக்கும்போது, "அதுசரி, அவனுக்கு எப்படி அந்த வீட்டு விலாசம் தெரிஞ்சுது?" என்று கேட்டுவிடுவான்.

இந்தக் கணக்கில் யாருடைய இருப்பு அதிகம் என்பதை வைத்துப் படத்தின் குணமே மாறும். சஸ்பென்ஸ் படங்களுக்குப் பேர்போன இயக்குநர் ஹிட்ச்காக், பிரெஞ்சு இயக்குநர் த்ரூஃபோவுடனான நீண்ட உரையாடலில் ஒரு மேஜையையும் வெடிகுண்டையும் வைத்து இதை விளக்கினார். இரண்டு பேர் பேசிக்கொண்டிருக்கும்போது மேஜைக்கடியில் குண்டு திடீரென்று வெடித்தால் பார்ப்பவருக்குப் பதினைந்து வினாடி அதிர்ச்சி. குண்டு இருப்பதை முன்னாடியே காட்டிவிட்டால் அதே வெட்டிப் பேச்சு பதினைந்து நிமிடப் பதற்றம். முதலாவதில் பார்ப்பவரின் கணக்குக் காலி. இரண்டாவதில் கதைமாந்தரைவிடப் பார்ப்பவரிடம் இருப்பு அதிகம். நம் ஊரில் இரண்டையும் சேர்த்தே 'சஸ்பென்ஸ்' என்று சொல்லிவிடுகிறோம். போதாக்குறைக்குக் கடைசி ரீலில் வரும் ட்விஸ்ட்டையும் அதில் சேர்த்துவிடுகிறோம். ஒரு ட்விஸ்ட்டை மட்டும் நம்பி ரெண்டரை மணி நேரம் ஓட்டுகிற படங்கள்மேல் எனக்குக் கொஞ்சம் கோபம் உண்டு. அது வாடிக்கையாளரின் பணத்தை வாங்கிக்கொண்டு ரசீது தராமல் இருப்பது மாதிரி.

எங்கள் வீட்டில் எடுத்த ஒரு காட்சியையே எடுத்துக்கொள்வோம். கதாநாயகி ராத்திரியில் போன் டார்ச்சை அடித்துக்கொண்டு முகப்பிலிருந்து அந்த வடக்குக் கடைசி அறைக்கு நடந்து போகிறாள். கையிருப்பு ஐந்து ஷாட். அவள் முகம். பின்னாலிருந்து அவள் முதுகு. அவள் கண்ணில் தெரியும் கதவு. பூட்டின் க்ளோஸப், கொண்டி கழன்று தொங்குகிறது. அறைக்கு உள்ளேயிருந்து கதவு.

தம்பி முதலில் கதை நடந்த வரிசையிலேயே ஒட்டினான். முகம், முதுகு, கதவு, கடைசியில் பூட்டு. பார்த்தால், நாற்பது வினாடி நடையில் கொட்டாவி வந்தது. நடக்கிறாள், நடக்கிறாள், நடந்துகொண்டே இருக்கிறாள். எங்கள் பாஷையில் லேக். நான் பெரிய புத்திசாலி மாதிரி, "நடையைக் குறைச்சிரலாமே" என்றேன். அவன் ஒரு ஃப்ரேமைக்கூடக் குறைக்கவில்லை. பூட்டை மட்டும் தூக்கி முன்னால் போட்டான். அவள் முகப்பில் செருப்பைக் கழற்றும்போதே நமக்குக் கழன்ற பூட்டு தெரிந்துவிடுகிறது. அவளுக்குத் தெரியாது. அப்புறம் அதே நாற்பது வினாடி நடை. இந்த முறை நான் நாற்காலி நுனிக்கு வந்துவிட்டேன். அவள் நடுவில் நின்று தூணில் கைவைத்தபோது, 'போகாதே' என்று வாய் வரைக்கும் வந்தது. நாலு நாள் முன்னால் அதே அறையைத் துடைப்பம் எடுத்துக் கூட்டியவன் நான்.

அடுத்து பூட்டு எவ்வளவு நேரம் என்ற கேள்வி. ஒரு வினாடிக்கு 24 ஃப்ரேம். எட்டு ஃப்ரேம் வைத்தபோது பூட்டு தெரிந்தது, கழன்றிருப்பது தெரியவில்லை. மூன்று வினாடி வைத்தால் வாத்தியார் குச்சியால் போர்டைத் தட்டிக் காட்டுவது மாதிரி இருந்தது. கூட்டிக் குறைத்துக் கடைசியில் 22 ஃப்ரேமில் நிறுத்தினான், ஒரு வினாடிக்கும் சற்றுக் குறைவு. அப்புறம் ஒரு திருட்டு வேலை செய்தான். எங்கள் வளவில் புறாக்கள் அடையும். கதவு தெரிவதற்கு முன்பே புறா படபடக்கும் சத்தத்தை அவள் முகத்தின்மேல் இழுத்துவிட்டான். அடுத்த ஷாட்டின் சத்தத்தை முன்கூட்டியே கேட்கவிடும் இந்த வேலைக்கு ஜே கட் என்று பெயர். டைம்லைனில் பார்த்தால் அந்த எழுத்தின் வடிவத்தில் இருக்கும். புறாவை எது கிளப்பிவிட்டது என்று பார்ப்பவர் மனசு தானே கேட்டுக்கொள்கிறது. பதில் சொல்ல வேண்டிய அவசியமே இல்லை. கிராமத்து வீடுகளில் ராத்திரி கேட்கிற எந்தச் சத்தத்துக்கு நாம் பதில் தேடியிருக்கிறோம்?

இன்னொரு கணக்கு நம் ஊருக்கே உரியது: இடைவேளை. ஹிட்ச்காக்குக்கு இந்தத் தலைவலி இல்லை. தமிழ்ப் படத்தை எடிட் செய்பவர் படத்தின் நடுவில் எல்லாக் கணக்கையும் ஒருமுறை மூடி, டீ குடிக்கப் போகிறவனுக்கு ஒரு பெரிய கடன் பாக்கியைக் கையில் கொடுத்து அனுப்ப வேண்டும். முதல் பாதியில் சேர்த்த பதற்றம் பதினைந்து நிமிட வெளிச்சத்தில் ஆவியாகிவிடும் என்பதால் இரண்டாம் பாதியின் தொடக்கம் சஸ்பென்ஸ் எடிட்டருக்கு எப்போதும் கண்டம்தான். இப்போது அதே படம் சில வாரங்களில் ஓடிடியில் வருகிறது. அங்கே 'இடைவேளை' என்ற எழுத்தைத் தூக்கிவிட்டாலும் அந்த இடத்தில் இசை மட்டும் காரணமே இல்லாமல் உச்சத்துக்குப் போய் இறங்கும். வெப் சீரிஸில் தலைகீழ். ஒவ்வொரு எபிசோடின் முடிவும் ஒரு குட்டி இடைவேளை, பார்க்கிறவனோ அடுத்த நொடியே அடுத்த எபிசோடுக்குத் தாவிவிடுகிறான்.

இந்தத் தொழிலுக்குள் ஆள் எப்படி வருகிறான்? எங்கள் ஊர்க்காரனுக்கு இதைச் சுலபமாகச் சொல்லிவிடலாம். பர்மா, மலாயா என்று கடை வைத்த காலத்தில் நகரத்தார் வீட்டுப் பையன் முதலில் பெட்டியடிப் பையனாகப் போவான். பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து எடுபிடி, பெருக்குவது, சிட்டை எழுதுவதைப் பார்ப்பது. அப்புறம் அடுத்தாள். கணக்கும் கடிதமும் கைக்கு வந்த பிறகு மேலாள். யாரும் பாடம் நடத்த மாட்டார்கள். மேலாள் எந்தக் கடனை மறுக்கிறார், எந்த முகத்தைப் பார்த்துச் சம்மதிக்கிறார் என்று பக்கத்தில் இருந்தே பிடித்துக்கொள்ள வேண்டும்.

எடிட் அறையும் அப்படியே. புதிதாக வருகிற அசிஸ்டெண்ட் முதல் வருடம் ஒரு கட்கூடச் செய்ய மாட்டான். ஹார்ட் டிஸ்க்கில் வந்த ஃபுட்டேஜை இரண்டு மூன்று பிரதி எடுப்பது, கேமராச் சத்தத்தையும் தனியாகப் பதிந்த சத்தத்தையும் கிளாப் போர்டு அடிக்கும் இடத்தில் பொருத்துவது, எந்த டேக் ஓகே, எது என்.ஜி. (சரிவராதது) என்று பெயர் போட்டு அடுக்குவது, டப்பிங்குக்கு ஒன்று, ஆர்.ஆர். எனும் பின்னணி இசைக்கு ஒன்று, சி.ஜி. எனும் கிராஃபிக்ஸுக்கு ஒன்று என்று பிரித்து அனுப்புவது. இதில் தூங்கி விழுந்தால் கோடி ரூபாய் ஃபுட்டேஜ் போய்விடும், எழுந்து உட்கார்ந்தாலும் யாரும் கவனிக்க மாட்டார்கள். அப்புறம் ஸ்பாட் எடிட்டர், அசோசியேட். தனிப்படம் எப்போது வரும் என்று ஜோசியக்காரரால்கூடச் சொல்ல முடியாது. சென்னை தரமணியில் அரசின் திரைப்படப் பயிற்சி நிறுவனம், புனே, கொல்கத்தா என்று படித்து வருபவர்களும் உண்டு. படிப்பு கதவைத் திறக்கும். ஆனால் எத்தனை ஃப்ரேம் என்ற ருசி, பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்துதான் வரும்.

இந்த மண்ணுக்கும் அந்த அறைக்கும் பழைய சொந்தம் வேறு இருக்கிறது. காரைக்குடிக்காரரான ஏ.வி. மெய்யப்பன், யுத்தகாலத்தில் சென்னையை விட்டு இங்கே வந்து தேவகோட்டை ரஸ்தாவில் கீற்றுக் கொட்டகைகள் போட்டு ஸ்டுடியோ நடத்தினார். 1947இல் வந்த 'நாம் இருவர்' அங்கே எடுத்ததுதான். பிறகுதான் சென்னை வடபழனி. அந்த ஏவி.எம். நிறுவனத்தின் எடிட்டிங் பிரிவில் பெட்டியடியாகச் சேர்ந்தவர்களில் ஒருவர் காரைக்குடியில் பிறந்த எஸ்.பி. முத்துராமன். ரஜினியை வைத்து மட்டும் 25 படம் இயக்கியவர் என்று எல்லோருக்கும் தெரியும், முதலில் உட்கார்ந்தது எடிட்டிங் அறையில் என்பது அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. 'பா' என்று தொடங்கும் வரிசைப் படங்களின் இயக்குநர் பீம்சிங்கும் எடிட்டிங் பக்கமிருந்து வந்தவர்தான், அவர் மகன் பி. லெனின் எடிட்டராகவே நின்று தேசிய விருதுகள் வாங்கினார். கிருஷ்ணன்–பஞ்சு என்ற இயக்குநர் இரட்டையரில் பஞ்சு எடிட்டிங்கையும் பார்த்துக்கொண்டார். அந்தக் காலத்தில் இயக்குநர் நாற்காலிக்குக் குறுக்குவழி எடிட்டிங் அறை வழியாகத்தான் போனது.

சஸ்பென்ஸ் கணக்கு என்ற வகையில் தமிழில் பாடம் படிக்க வேண்டிய முதல் படமும் அதே ஏவி.எம். நிறுவனத்துடையது. எஸ். பாலசந்தர் இயக்கி 1954இல் வந்த 'அந்த நாள்'. பாட்டு இல்லை, நடனம் இல்லை. படம் தொடங்கியதுமே சிவாஜி சுடப்பட்டு விழுகிறார். அப்புறம் ஒவ்வொருவராகத் தனக்குத் தெரிந்ததைச் சொல்கிறார்கள், ஒவ்வொரு கதையும் சந்தேகத்தை வேறு ஆள்மேல் நகர்த்துகிறது. இறந்தவன் யார் என்பது முதல் நிமிடத்தில் தெரியும், எப்படிப்பட்டவன் என்பதுதான் மெல்ல மெல்லத் தெரியவருகிறது. பாட்டு இல்லாத படம் என்று வரலாற்றில் ஒரு வரியில் எழுதிவிட்டுப் போகிறோம். பாட்டு இல்லாமல் போனதால் எடிட்டிங்குக்கு என்ன சுமை கூடியது என்று யோசித்துப் பார்க்க வேண்டும். பாட்டு என்பது பார்ப்பவனுக்குக் கிடைக்கும் மூச்சு. அது இல்லையென்றால் மூச்சு விடும் இடங்களையும் காட்சிக்குள்ளேயே, மௌனத்திலும் பார்வையிலும் வைத்துத் தைக்க வேண்டியிருக்கும்.

அதுவும் பிலிம் காலத்தில். 35 எம்.எம். பிலிமில் ஒரு வினாடிக்கு ஒன்றரை அடி, ஒரு நிமிடத்துக்குத் தொண்ணூறு அடி. மூவியோலா என்ற எடிட்டிங் இயந்திரத்தில் ஓட்டிப் பார்த்து, கிரீஸ் பென்சிலால் கோடு போட்டு, வெட்டி, ஒட்டி, மீதித் துண்டுகளைக் கொக்கியில் மாட்டித் தொங்கவிட வேண்டும். தம்பி பூட்டை முன்னால் தூக்கிப் போட்டது இரண்டு வினாடி வேலை. அன்றைக்கு அது அரை மணி நேர வேலை, பிடிக்கவில்லை என்றால் இன்னொரு அரை மணி நேரம். அதனால் கையை வைப்பதற்கு முன் மனதுக்குள் ஓட்டிப் பார்த்தார்கள். 90களின் நடுவில் அவிட் போன்ற மென்பொருள்கள் வந்து இந்தப் பாரம் போனது. கூடவே இன்னொன்றும் வந்தது: பதினேழு வெர்ஷன். வசதி கூடியதில் முடிவெடுக்கும் துணிச்சல் கொஞ்சம் குறைந்துவிட்டது என்று மூத்த எடிட்டர்கள் அலுத்துக்கொள்வதில் நியாயம் இருப்பதாகவே எனக்குப் படுகிறது. முழு நியாயம் இல்லை. 22 ஃப்ரேமா 24ஆ என்று தடவித் தடவிப் பார்க்கும் சுகத்தை அந்த மூவியோலா தந்திருக்காது.

துப்புகளை மறைப்பது எப்படி என்று எனக்குச் சொல்லிக்கொடுத்தது தம்பி இல்லை, என் அப்பத்தா. எண்பது தாண்டியவர். டிவியில் ஏதோ பழைய கொலைப் படம் ஓடிக்கொண்டிருந்தது. விருந்துக் காட்சி, எட்டுப் பேர் சாப்பிடுகிறார்கள். பாக்கு இடித்துக்கொண்டே சொன்னார்: "அந்தத் தோட்டக்காரந்தேன்."

"எப்படி அப்பத்தா?"

"அவன் வாயே தொறக்கல. பேசாதவன எதுக்கு ரெண்டு தரம் காட்டுறாக?"

தோட்டக்காரன்தான். இதைத் தம்பியிடம் சொன்னபோது சிரிக்கவில்லை. "அதாண்ணே பிரச்சினை" என்றான். பார்ப்பவர்கள் கதையை மட்டும் படிப்பதில்லை, எடிட்டரின் 'கட்'டையும் படிக்கிறார்கள். ஒரு முகத்துக்கு ஒரு க்ளோஸப் என்பதே ஒரு வாக்குமூலம். அதனால் துப்பைக் காட்டும்போது அதற்கு வேறொரு சாக்கு வேண்டும். தோட்டக்காரன் முகம் வரும் நேரத்தில் அவன் கையிலிருந்து டம்ளர் விழ வேண்டும், எல்லோரும் சிரிக்க வேண்டும். பார்ப்பவன், ஓ, டம்ளருக்காகக் காட்டினார்கள் என்று கணக்கை முடித்துக்கொள்வான். இல்லையென்றால் எட்டுப் பேருக்கும் தலைக்கு ஒரு தேவையில்லாத க்ளோஸப் கொடுத்து, குற்றவாளியைக் கூட்டத்தில் கரைத்துவிடலாம். அதுவும் இல்லையென்றால், முந்தைய ஷாட்டில் பார்ப்பவன் கண்ணைத் திரையின் வலது ஓரத்துக்கு இழுத்துவிட்டு அடுத்த ஷாட்டில் துப்பை இடது ஓரத்தில் வைக்கலாம். காட்டவில்லை என்று யாரும் குறை சொல்ல முடியாது. காட்டினோம், நீங்கள் பார்க்கவில்லை. நேர்மையான சஸ்பென்ஸ் எடிட்டருக்கு இதில் ஒரு தனி கௌரவம்.

ஆனால் இந்தத் தொழிலின் பெரிய சிக்கல் இது எதுவுமில்லை. படம் தியேட்டருக்கு வரும் நாளில் அதைப் பார்த்துத் திடுக்கிட முடியாதவர் எடிட்டர்தான். கொலைகாரன் யார் என்று முதல் நாளே தெரியும், முந்நூறு தடவை ஓட்டிப் பார்த்தாயிற்று. நகைச்சுவைப் படத்திலும் இது உண்டு என்றாலும் சஸ்பென்ஸில் வலி அதிகம், ஏனென்றால் விற்பதே அறியாமையைத்தான். ஹாலிவுட் எடிட்டர் வால்டர் மர்ச் போன்றவர்கள், ரஷ்ஷஸ் எனும் வெட்டப்படாத மூல ஷாட்டுகளை முதல் முறை பார்க்கும்போது தோன்றுவதை எல்லாம் உடனே குறித்து வைப்பார்கள். அந்த முதல் பார்வை திரும்பக் கிடைக்காது. ஒரு கட் நல்லதா என்று தீர்மானிக்க மர்ச் ஆறு அளவுகோல்களை வரிசைப்படுத்தினார். அதில் உணர்ச்சிக்கே 51 சதவீதம், இடத்தொடர்ச்சி கடைசி. எங்கள் வீட்டு வெயிலுக்கும் இதுதான் நடந்தது. தம்பி மூன்று கல் எண்ணித் தவித்தான் அல்லவா, சென்னையில் தலைமை எடிட்டர் அந்தப் பிற்பகல் ஷாட்டையே வைத்துக்கொண்டார். நடிகரின் கண் அதில்தான் சரியாகக் கலங்கியிருந்தது.

முதல் பார்வை தீர்ந்த பிறகு அடுத்தவர் கண்ணைக் கடன் வாங்க வேண்டும். படம் பார்க்காத ஒரு அசிஸ்டெண்ட், டீ கொண்டுவரும் பையன், மனைவி. ஹிட்ச்காக்கின் மனைவி ஆல்மா ரெவில் கல்யாணத்துக்கு முன்பே எடிட்டிங் அறையில் வேலை பார்த்தவர். 'சைக்கோ' முடிந்துவிட்டது என்று எல்லோரும் நினைத்த நேரத்தில் பார்த்து, செத்துக் கிடப்பவள் முகத்தில் ஒரு சின்ன உயிரசைவு இருப்பதாகச் சொன்னார். அத்தனை பேர் அத்தனை தடவை பார்த்தும் அது கண்ணில் படவில்லை. அந்தக் குளியலறைக் கொலை முக்கால் நிமிடம்தான். எடிட் செய்தவர் ஜார்ஜ் டோமசினி. ஹிட்ச்காக்கின் முக்கியமான படங்களில் பலவற்றை வரிசையாகக் கையாண்டவர், பெயர் சொன்னால் தெரிகிறவர்கள் குறைவு. 'ஜாஸ்' படத்துக்காக ஆஸ்கர் வாங்கிய வெர்னா ஃபீல்ட்ஸ் பெயரும் அப்படித்தான். இயந்திரச் சுறா அடிக்கடி பழுதானதில் சுறா இல்லாத கடலை வைத்தே பயம் காட்ட வேண்டிய நிலை. இல்லாததை வெட்டி ஒட்டுவதற்குத் தனித் திறமை வேண்டும்.

தமிழில் இன்று நிலைமை கொஞ்சம் மேல். 'ஆரண்ய காண்டம்' படத்துக்காக பிரவீன் கே.எல். தேசிய விருது வாங்கியபோது எடிட்டர் பெயரைத் தேடிப் படித்தவர்கள் நிறையப் பேர். போஸ்டரில் பெயர் வருகிறது, ரசிகர்கள் 'கட்'டைப் பற்றிப் பேசுகிறார்கள். அதிலேயே ஒரு பொறி. இரண்டு த்ரில்லர் ஓடிவிட்டால் 'த்ரில்லர் எடிட்டர்' என்று முத்திரை குத்திவிடுவார்கள். அப்புறம் குடும்பக் கதை கேட்டாலும் வராது. வருகிற த்ரில்லரோ, இயக்குநர் கோட்டைவிட்ட இடத்தையெல்லாம் 'எடிட்ல பாத்துக்கலாம்' என்று வரும். பணமும் தவணைதான். அட்வான்ஸ், ரஃப் கட் எனும் முதல் தொகுப்பு முடிந்ததும் கொஞ்சம், கடைசித் தவணை ரிலீஸ் சமயத்தில். ரிலீஸ் தள்ளிப்போனால் அதுவும் தள்ளிப்போகும். எங்கள் வீட்டுக்கு வந்த கம்பெனி அந்தத் தம்பிக்குக் கடைசித் தவணையைக் கொடுக்கவேயில்லை. எங்களுக்கு உடைந்த நாலு ஆத்தங்குடிக் கல்லுக்கான காசும் பாக்கி. கம்பெனி பெயர் எதற்கு, விடுங்கள்.

உடம்பைப் பற்றியும் ஒரு வரி சொல்ல வேண்டும். ரிலீஸ் தேதி அறிவித்த பிறகுதான் எல்லோருக்கும் திருத்தம் தோன்றும், ராத்திரி பகல் பார்க்காமல் அந்த இருட்டறையில் உட்கார வேண்டியது எடிட்டர். 'ஆடுகளம்' படத்துக்கு தேசிய விருது வாங்கிய கிஷோர், 'விசாரணை' பட வேலை நடந்துகொண்டிருந்தபோதே, 2015 மார்ச்சில் 36 வயதில் காலமானார். 'விசாரணை'க்கான தேசிய விருதை அவர் பார்க்கவில்லை.

எங்கள் வீட்டில் எடுத்த படம் இரண்டு வருடம் கிடப்பில் கிடந்து, தியேட்டர் பார்க்காமல் நேராக ஓடிடிக்கு வந்தது. பங்காளிகள் எல்லோரும் ஆளுக்கொரு ஊரில் ஒரே ராத்திரியில் பார்த்தோம். பூட்டு வந்தது, 22 ஃப்ரேம். நடை வந்தது. புறா படபடத்தது. அவள் கதவில் கைவைத்தாள். கதவு உள்ளே நகரத் தொடங்கியதும் கட். அடுத்த காட்சி விடிகாலை, அவள் கிணற்றடியில் கை கழுவிக்கொண்டிருக்கிறாள். உள்ளே என்ன பார்த்தாள் என்பது கடைசிவரை அவள் கணக்கிலேயே இருந்தது. அறைக்குள் ஒரு நாள் முழுக்க எடுத்ததில் ஒரு ஷாட்கூடப் படத்தில் இல்லை. எனக்கு அது பிரமாதமாக இருந்தது. தம்பிக்கு போன் போட்டுச் சொல்லலாம் என்று எடுத்தால், அதற்குள் ஈப்போவிலிருந்து சித்தப்பா கூப்பிட்டுவிட்டார்.

"ஏண்டா, கதவையே தொறக்கலையே. அப்ப எதுக்குடா எங்கிட்ட சாவி வாங்குனீக?"